பெயர் மாற்றப்பட்ட தீவு



நாட்டு மக்கள் எல்லாரும் ஒரே மொழி பேசி, ஒரே பாட்டைப் பாடி, ஒரே வழக்கத்தைக் கைக்கொண்டால் சண்டை சச்சரவு இராது என்று சொல்லுவோர் எக்காலத்திலும் உண்டு. கேட்பதற்கு நல்ல சொல்லாகத்தான் தோன்றும். அப்படிப்பட்ட ஓர் உலகம் வந்தே விட்டால் எப்படி இருக்கும் என்று கற்பனை செய்து கதை எழுதியவர்களும் உண்டு. ஜார்ஜ் ஆர்வெல் என்ற ஆங்கில எழுத்தாளர் 1949ஆம் ஆண்டில் '1984' என்ற நாவலை வெளியிட்டார். அதில் வரும் அரசாங்கம் ஆண்டுக்கு ஆண்டு அகராதியிலிருந்து சொற்களை நீக்கிக்கொண்டே போகும். சொல் இல்லாமற் போனால் அதைப் பற்றிய நினைப்பும் மனிதனுக்கு வராது என்பது அந்த அரசாங்கத்தின் கணக்கு.

அதைத் தெரிந்துகொள்ள நாம் கதைப் புத்தகத்தைத் தேடிப் போக வேண்டியதில்லை. நம் பினாங்குத் தீவே மூன்று ஆண்டு எட்டு மாத காலம் அத்தகைய சோதனை ஒன்றுக்கு உள்ளாயிற்று. நம் தாத்தா பாட்டிமார் 'சப்பான்காரன் காலம்' என்று சொல்லி வந்த காலம் அது. மரவள்ளிக் கிழங்கும், மதிப்பிழந்த வாழைமர நோட்டும் பற்றி நாம் நிறையக் கேட்டிருக்கிறோம். ஆனால் அந்தக் காலத்தில் மனிதனின் பெயர், மொழி, ஊர், நாள், நேரம் ஆகியவற்றுக்கு என்ன நேர்ந்தது என்பதை அவ்வளவாகப் பேசுவதில்லை. அதைத்தான் இங்கே பார்க்கப் போகிறோம்.

பல தெய்வம், ஒரே தெரு

முதலில் பழைய பினாங்கு எப்படி இருந்தது என்பதை நினைவில் கொள்ளுவோம். கெடா சுல்தானுக்கு உரியதாக இருந்த இத்தீவில் 1786ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் பிரான்சிஸ் லைட் ஆங்கிலேயக் கொடியை ஏற்றினார். அதன்பின் வணிகரும் கூலிக்காரரும் கைவினைஞரும் நாலா திசையிலிருந்தும் வந்து குடியேறினார்கள். ஜார்ஜ் டவுனில் பிட் ஸ்திரீட் என்று வழங்கிய தெருவையும் அதை ஒட்டிய பகுதியையும் சுற்றி வந்தால் இன்றும் அந்த வரலாறு கண்ணில் படும். தமிழ் முஸ்லிம்களின் முயற்சியால் 1801ஆம் ஆண்டளவில் எழுந்த கப்பித்தான் கிளிங் பள்ளிவாசல் அங்கே இருக்கிறது. சீனரின் குவான் யின் கோயில் இருக்கிறது. 1818ஆம் ஆண்டில் கட்டி முடிந்த செயின்ட் ஜார்ஜ் மாதாகோவில் இருக்கிறது. பக்கத்துக் குவீன் ஸ்திரீட்டில் 1833ஆம் ஆண்டில் உருவான மகாமாரியம்மன் கோயில் இருக்கிறது. நாலு சமயத்தாரும் கூப்பிடு தூரத்தில் வழிபட்டார்கள். ஒருவர் மணியோசை மற்றவர் தொழுகையைக் கெடுத்ததாக யாரும் சொல்லவில்லை.

தமிழ்க் கல்விக்கும் பினாங்குதான் முதற்படி. 1816ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் தொடங்கிய பினாங்கு ஃப்ரீ ஸ்கூலில் ஒரு தமிழ் வகுப்பும் சேர்த்து நடத்தப்பட்டது. அது நெடுநாள் நிலைக்கவில்லை. ஆயினும் இந்நாட்டுத் தமிழ்க் கல்வியின் தொடக்கம் அதுவே என்று கொண்டுதான் 2016ஆம் ஆண்டில் இருநூறாம் ஆண்டு விழா எடுத்தோம்.

நம் முன்னோரில் பெரும்பாலோர் பட்டணத்தில் தங்கியவர்கள் அல்லர். கப்பல் பினாங்கில் நின்றதும் அவர்களைப் புலாவ் ஜெரஜாக் தீவில் நோய்த் தடுப்பு முகாமில் வைத்தார்கள். பிறகு எதிர்க்கரையில் உள்ள செபராங் பிறைக்கும் அதற்கு அப்பாலும் அனுப்பினார்கள். முதலில் கரும்புத் தோட்டம், பின்பு கித்தாத் தோட்டம். பெரட்டில் பெயர் கூப்பிடும்போது ராமசாமியும் முனியம்மாவும் கிராணியின் காதில் எப்படி விழுந்தார்களோ அப்படித்தான் கணக்கில் ஏறினார்கள். அந்தப் பெயர்ச் சிதைவு நம் குடும்பங்களில் சிலருடைய அடையாள அட்டையில் தலைமுறை கடந்தும் நின்றுவிட்டது. இருந்தாலும் லயத்துக்குத் திரும்பியதும் அவன் ராமசாமிதான், அவள் முனியம்மாதான். மாரியம்மன் கோயிலும், திருவிழாக் கூத்தும், தோட்டத்துப் பள்ளிக்கூடமும் அந்தப் பெயர்களைக் காப்பாற்றி வைத்திருந்தன.

கொடி இறங்கிய நாள்

1941ஆம் ஆண்டு டிசம்பர் 11ஆம் நாள் ஜப்பானிய விமானங்கள் ஜார்ஜ் டவுன் மீது குண்டு வீசின. வேடிக்கை பார்க்கத் தெருவில் கூடிய மக்கள் ஏராளமாக மாண்டார்கள். அடுத்த சில நாட்களில் ஆங்கிலேயர்கள் தங்கள் இனத்தாரை மட்டும் இரவோடிரவாகக் கப்பலேற்றிக்கொண்டு போய்விட்டார்கள். தீவின் ஆசிய மக்கள் கைவிடப்பட்டார்கள்.

அந்த வேளையில் நடந்த ஒன்றை நாம் மறக்கக் கூடாது. 'ஸ்ட்ரெய்ட்ஸ் எக்கோ' என்ற ஆங்கிலப் பத்திரிகையின் ஆசிரியராக இருந்தவர் மாணிக்கசோதி சரவணமுத்து. இலங்கைத் தமிழர். அவர் கார்ன்வாலிஸ் கோட்டைக்குப் போய், பறந்துகொண்டிருந்த ஆங்கிலேயக் கொடியை இறக்கினார். ஆளில்லாத ஊர் மீது மேலும் குண்டு விழாமல் காப்பதே நோக்கம். பல இனத்துப் பிரமுகர்களும் ஒரு குழுவாகக் கூடிக் கொள்ளையைத் தடுக்கவும் ஊர் மக்களைக் காக்கவும் பாடுபட்டார்கள். யாரும் யாரையும் பார்த்து, "முதலில் உன் மொழியை விடு, பிறகு சேர்ந்து வேலை செய்வோம்" என்று சொல்லவில்லை. ஆபத்து வந்தது, ஆளுக்கொரு மொழியில் பேசிக்கொண்டே ஒன்றுபட்டார்கள். டிசம்பர் 19ஆம் நாள் ஜப்பானியப் படை தீவில் இறங்கியது.

எட்டுத் திசைக்கும் ஒரே கூரை

ஜப்பானிய ஆட்சியாளரின் கொள்கைக்கு ஒரு முழக்கம் இருந்தது. 'ஹக்கோ இச்சியு' என்பார்கள். உலகின் எட்டுத் திசையும் ஒரே கூரையின் கீழ் என்பது அதன் கருத்து. ஆசியா ஆசியருக்கே என்றும் சொன்னார்கள். வெள்ளைக்காரத் துரையிடம் அடிபட்டும் வசைபட்டும் வாழ்ந்த நம் மக்களில் பலருக்கு இச்சொல் முதலில் இனிக்கத்தான் செய்தது. ஆனால் அந்தக் கூரையின் கீழ் வீட்டுக்காரன் ஒருவன். மற்றவர் எல்லாரும் வேலைக்காரர் என்பது விரைவிலேயே தெரிந்தது.

முதலில் ஊர்ப் பெயர் போயிற்று. சிங்கப்பூர் 'சியோனான்' ஆயிற்று. பினாங்குக்கு ஜப்பானியப் பிரதமர் தோஜோவின் பெயரை வைத்து 'தோஜோ-தோ' என்றார்கள்; 'தோ' என்றால் தீவு. அடுத்து நாட்காட்டி மாறியது. 1942ஆம் ஆண்டு ஜப்பானியக் கணக்கில் 2602 ஆயிற்று. அதற்கும் அடுத்து நேரமே மாறியது. மலாயாவின் கடிகாரங்களை ஒன்றரை மணி முன்னே தள்ளித் தோக்கியோ நேரத்துக்கு ஒட்டவைத்தார்கள். நேயர்களே, சற்று எண்ணிப் பாருங்கள். பால் மரம் வெட்டுகிறவனுக்குச் சூரியன்தான் கடிகாரம். அந்தச் சூரியனையும் தோக்கியோவின் உத்தரவுக்கு உதிக்கச் சொன்னது போல் இருந்தது அந்தச் சட்டம்.

பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் காலையில் வரிசையாக நின்று, ஜப்பானியச் சக்கரவர்த்தியின் அரண்மனை இருக்கும் திசை நோக்கிக் குனிந்து வணங்க வேண்டும். ஜப்பானிய தேசியப் பாட்டைப் பாட வேண்டும். தமிழ், மலாய்ப் பள்ளிகள் சில மீண்டும் திறக்கப்பட்டன; ஆனால் அங்கும் 'நிப்போன்கோ' எனப்படும் ஜப்பானிய மொழி நுழைந்தது. சீனர்கள் பட்ட பாடு இதைவிடக் கொடியது. பினாங்கில் ஏராளமான சீனர்கள் பிடித்துச் செல்லப்பட்டு மாண்டார்கள். ஒற்றுமை என்ற சொல்லை உதட்டில் வைத்துக்கொண்டு, ஓர் இனத்தை மற்றோர் இனத்துக்கு எதிராக நிறுத்துவதே ஆட்சியின் வழக்கமாக இருந்தது.

அதே காலத்தில் நேதாஜி சுபாஷ் சந்திர போசின் அழைப்பை ஏற்றுத் தோட்டத்து இளைஞர்களும் பெண்களும் இந்திய தேசிய இராணுவத்திலும் ஜான்சி ராணிப் படையிலும் ஆயிரக்கணக்கில் சேர்ந்தார்கள். அவருடைய பேச்சு நம் மக்களுக்குத் தமிழில் மொழிபெயர்த்துச் சொல்லப்பட்டது. அங்கே தமிழர், பஞ்சாபியர், மலையாளி, வங்காளி எல்லாரும் ஒன்றாகச் சமைத்து ஒன்றாக உண்டார்கள். இது மனம் ஒப்பிச் சேர்ந்த ஒற்றுமை. தோக்கியோ திசைக்குத் தலைகுனிய வைத்தது மிரட்டிச் சேர்த்த ஒற்றுமை. ஒரே காலம், ஒரே நாடு. ஆயினும் இரண்டும் ஒன்றல்ல.

பெயரில்லாத கல்லறைகள்

அடையாளம் அழிந்தால் என்ன ஆகும் என்பதற்குச் சயாம் மரண இரயிலை விடப் பெரிய சாட்சி வேண்டியதில்லை. 1942ஆம் ஆண்டு நடுவில் தொடங்கி 1943ஆம் ஆண்டு அக்டோபருக்குள், சயாமையும் பர்மாவையும் இணைக்க ஏறத்தாழ 415 கிலோமீட்டர் இரயில் பாதை போட்டார்கள். அதற்காக மலாயாத் தோட்டங்களிலிருந்து தமிழர்களைப் பல்லாயிரக் கணக்கில் கொண்டுபோனார்கள். நல்ல சம்பளம் என்று ஆசை காட்டியும் கொண்டுபோனார்கள்; வழியில் மறித்து லாரியில் ஏற்றியும் கொண்டுபோனார்கள். வாந்திபேதி, மலேரியா, பட்டினி, அடி. பல்லாயிரம் பேர் திரும்பவேயில்லை.

சயாமில் காஞ்சனபுரி என்னும் ஊரில் போர்க்கைதிகளுக்கு ஒரு கல்லறைத் தோட்டம் இருக்கிறது. ஆங்கிலேயர், ஆஸ்திரேலியர், டச்சுக்காரர் என ஏறத்தாழ 7,000 பேருக்கு அங்கே கல்லறைகள். பெரும்பாலானவற்றில் பெயர், வயது, படைப்பிரிவு எல்லாம் வெட்டப்பட்டிருக்கின்றன. அவர்களுக்குப் பட்டியல் இருந்தது, பெயர் தெரிந்தது, தேடுவதற்கு ஓர் அரசாங்கம் இருந்தது. அவர்களை விடப் பல மடங்கு அதிகமாக மாண்ட நம் மக்களுக்கோ பட்டியலே இல்லை. எத்தனை பேர் என்பதிலே கூட ஆராய்ச்சியாளர்களின் கணக்கு ஒத்துப் போவதில்லை. எந்தத் தோட்டம், எந்த லயம், யாருடைய தகப்பன் என்று எழுதி வைக்க ஆளில்லை. உடலை அழித்தது நோய். பெயரை அழித்தது, அவர்களை வெறும் எண்ணிக்கையாகப் பார்த்த பார்வை.

1945ஆம் ஆண்டு செப்டம்பர் 3ஆம் நாள் ஆங்கிலேயப் படை பினாங்கில் மீண்டும் இறங்கியது. தோஜோ-தோ மறைந்தது; பினாங்கு திரும்பி வந்தது. கடிகாரமும் பின்னே வந்தது. மூன்று ஆண்டு எட்டு மாதத்தில் ஒரு தலைமுறை வளர்ந்துவிடவில்லை. ஆகவே மறக்கச் சொன்னதை மக்கள் மறக்கவில்லை.

நமக்கு வராமற் போன நாளை

அதுவே முப்பத்தைந்து ஆண்டு நீடித்திருந்தால்? அதற்குக் கொரியாவின் வரலாறு விடை சொல்லுகிறது. 1910 முதல் 1945 வரை கொரியா ஜப்பானின் கையில் இருந்தது. ஜப்பானியரும் கொரியரும் ஒரே உடல் என்று சொல்லியே அந்நாட்டின் பண்பாட்டைக் கரைத்தார்கள். 1938க்குப் பின் பள்ளிகளில் கொரிய மொழி படிப்படியாக மறைந்தது. தாய்மொழியில் பேசிய பிள்ளைக்குத் தண்டனை கிடைத்தது. 1940இல் குடும்பப் பெயர்களையே ஜப்பானியப் பெயர்களாக மாற்றச் சொன்னார்கள். சட்டத்தில் கட்டாயம் இல்லை. ஆனால் மாற்றாதவனுக்குப் பள்ளியிலும் வேலையிலும் தொல்லை. மக்களில் ஏறத்தாழ நூற்றுக்கு எண்பது பேர் பெயரை மாற்றிக்கொண்டார்கள். அதே ஆண்டு கொரிய மொழி நாளேடுகள் இரண்டு மூடப்பட்டன.

அங்கே சில அறிஞர்கள் கொரிய மொழிக்கு ஒரு பேரகராதி தொகுத்துக்கொண்டிருந்தார்கள். 1942ஆம் ஆண்டு அவர்களைச் சிறையில் அடைத்தார்கள். இருவர் சிறையிலேயே இறந்தார்கள். கையெழுத்துப் படிகள் பறிபோயின. போர் முடிந்த சில வாரங்களில், 1945 செப்டம்பரில், தலைநகரின் இரயில் நிலையச் சரக்குக் கிடங்கு ஒன்றில் அந்தக் கட்டுகள் அகப்பட்டன. அவற்றை வைத்து அகராதி 1947இல் வெளிவரத் தொடங்கி, 1957இல் ஆறு தொகுதிகளாக நிறைவெய்தியது. ஆர்வெல் கதையில் அரசாங்கம் அகராதியைச் சுருக்கியது. கொரியாவில் மக்கள் அகராதியை மீட்டார்கள். ஒரு மொழி பிழைத்தது பீரங்கியால் அல்ல. எழுதி வைத்த காகிதத்தால்.

மலாயாவில் எழுந்த கேள்வி

போர் முடிந்து விடுதலை நெருங்கியபோது, இத்தனை இனமும் ஒரே நாடாவது எப்படி என்ற கேள்வி இங்கும் எழுந்தது. நியாயமான கேள்விதான். 1951ஆம் ஆண்டு வெளிவந்த பார்ன்ஸ் அறிக்கை ஒரு விடை சொன்னது. மலாயும் ஆங்கிலமும் போதனை மொழிகளாக உள்ள தேசியப் பள்ளிகளே எல்லாருக்கும் பொது. தனித்தனித் தாய்மொழிப் பள்ளிகள் காலப்போக்கில் விலக வேண்டும் என்பது அதன் சாரம். அந்தக் குழுவில் ஆங்கிலேயரும் மலாய்க்காரரும் இருந்தார்கள். சீனரோ இந்தியரோ இடம்பெறவில்லை. அதே ஆண்டில் சீனக் கல்வியை ஆராய்ந்த ஃபென், வூ இருவரின் அறிக்கை வேறு விடை சொன்னது. பல மொழி இருப்பதனால் ஒரு நாடு உடைந்து போகாது என்றது.

விடுதலை நாட்டின் தலைவர்கள் இரண்டுக்கும் நடுவே ஒரு வழி கண்டார்கள். 1956ஆம் ஆண்டின் ரசாக் அறிக்கை மலாய் மொழியைத் தேசிய மொழியாக வைத்து, எல்லாப் பள்ளிகளுக்கும் ஒரே பாடத்திட்டம் என்றது. தமிழ், சீனத் தொடக்கப் பள்ளிகளைத் தேசிய மாதிரிப் பள்ளிகளாக நிலைக்கவிட்டது. பாடம் ஒன்று, மொழி வேறு. அரசியல் சட்டத்தின் 152ஆம் பிரிவு, மலாய் தேசிய மொழி என்று கூறிவிட்டு, வேறு மொழியைக் கற்கவோ கற்பிக்கவோ யாருக்கும் தடையில்லை என்றும் கூறுகிறது.

ஆனாலும் அச்சம் முற்றாக நீங்கவில்லை. 1961ஆம் ஆண்டுக் கல்விச் சட்டத்தின் 21ஆம் பிரிவில் ஓர் உட்பிரிவு இருந்தது. ஏற்ற காலம் வந்ததென்று அமைச்சர் கருதினால் தேசிய மாதிரித் தொடக்கப் பள்ளியைத் தேசியப் பள்ளியாக மாற்றலாம் என்பது அது. அதன் பிறகு வந்த 1996ஆம் ஆண்டுச் சட்டத்தில் அந்த உட்பிரிவு இடம்பெறவில்லை. இடையே, 1971ஆம் ஆண்டில் தேசியப் பண்பாட்டுக் கொள்கை வகுக்கப்பட்டபோது, அதில் நம் பங்கு எங்கே என்று கேட்டுச் சீன அமைப்புகளும் இந்திய அமைப்புகளும் பின்னாளில் மகஜர் கொடுத்தன. தாய்மொழிப் பள்ளிகள் அரசியல் சட்டத்துக்கு முரணானவை என்று தொடுத்த வழக்கில், 2021ஆம் ஆண்டு உயர் நீதிமன்றமும் 2023ஆம் ஆண்டு மேல்முறையீட்டு நீதிமன்றமும் அவை சட்டத்துக்கு உட்பட்டவையே என்று தீர்ப்பளித்தன.

கலப்பது வேறு, கரைப்பது வேறு

இங்கே ஒன்றைத் தெளிவாகச் சொல்லியாக வேண்டும். பிற மொழியும் பிற பண்பாடும் நமக்குப் பகை அல்ல. மலாய்க்காரர் கடையைக் 'கெடை' என்கிறார். கப்பலைக் 'காப்பால்' என்கிறார். கட்டிலைக் 'காத்தில்' என்கிறார். நம் சொற்கள் அங்கே போய் வாழுகின்றன. மலாய் 'கெத்தா' நம் வாயில் கித்தா ஆயிற்று. பினாங்குத் தமிழ் முஸ்லிம்கள் மலாய்க் குடும்பங்களில் மணம் முடித்து ஜாவி பெரானாக்கான் என்ற புதிய சமூகமே உண்டாயிற்று. காவடி போல் தோளில் சுமந்து விற்ற சோறு, நாசி கண்டார் என்ற பெயரில் எல்லா இனத்தார் நாவிலும் இடம்பிடித்தது. இவை தலைமுறை தலைமுறையாக மனம் ஒப்பிக் கலந்தவை. ஆற்றில் ஆறு கலப்பது ஒன்று. ஆற்றை மண்ணிட்டு மூடுவது மற்றொன்று.

ஆகவே நம் பிள்ளைகள் தேசிய மொழியை நன்றாகக் கற்க வேண்டும். அது நம் நாட்டு மொழி. நம் சொல்லும் கலந்த மொழி. தமிழை விட்டால்தான் மலாய் வரும் என்பது மட்டும் சரியல்ல.

நம் கையில் உள்ளது

உத்தரவு போட்டு அழிப்பது ஒரு வகை. கவனிப்பாரின்றித் தேய்வது இன்னொரு வகை. தோட்டத் துண்டாடலும், தோட்டங்கள் வீட்டு மனைகளாகவும் தொழிற்பேட்டைகளாகவும் மாறியதும், நம் மக்களை ஊர் ஊராகச் சிதறடித்தன. லயம் இடிந்தபோது கோயிலும் பள்ளியும் சேர்ந்தே பெயர்ந்தன. விடுதலைக் காலத்தில் 800க்கு மேல் இருந்த தமிழ்ப்பள்ளிகள் இப்போது 530 அளவில் நிற்கின்றன. பினாங்கு மாநிலத்தில் 28 இருக்கின்றன. நாட்டின் பல பள்ளிகளில் கட்டடம் இருக்கிறது, பிள்ளைகள்தாம் குறைவு. எந்தச் சட்டமும் அவற்றை மூடச் சொல்லவில்லை. வெற்று நாற்காலிகளே மூடச் சொல்லும்.

நம் முன்னோர் இதை உணர்ந்திருந்தார்கள். 1950களில் மலாயாப் பல்கலைக்கழகத்தில் தமிழுக்கு இடம் வேண்டும் என்று தமிழவேள் கோ. சாரங்கபாணி 'தமிழ் எங்கள் உயிர்' என்ற நிதியைத் திரட்டினார். வணிகர் மட்டுமல்லாமல் அன்றாடக் கூலிக்காரரும் சிறுசிறு தொகையாகக் கொடுத்தார்கள். 1956இல் இந்திய ஆய்வியல் துறை தொடங்கியது. அதன் தலைவராக விளங்கிய தனிநாயக அடிகளாரின் முயற்சியால் 1966ஆம் ஆண்டு கோலாலம்பூரில் முதல் உலகத் தமிழ் மாநாடு கூடியது. அந்தக் கூலிக்காரரில் எத்தனையோ பேர் பல்கலைக்கழக வாசலைப் பார்த்திராதவர்கள்.

நம்மால் ஆவது என்ன? பெரிய காரியம் எதுவும் வேண்டாம். வீட்டில் பாட்டனோ பாட்டியோ இருந்தால், அவர்களை உட்கார வைத்துக் கேளுங்கள். ரஜூலாக் கப்பலில் வந்தவர்கள் குடும்பமா? எந்த ஊரிலிருந்து வந்தார்கள்? முதல் தோட்டம் எது? சயாமுக்குப் போய்த் திரும்பாதவர் யார்? சொல்லுவதைப் பிள்ளையின் பயிற்சி நோட்டில் பிள்ளையின் கையாலேயே தமிழில் எழுதச் சொல்லுங்கள். காஞ்சனபுரியில் நம்மவர்க்கு இல்லாமற் போன பட்டியல் அப்படித்தான் உண்டாக வேண்டும். பள்ளியில் சேர்க்கும் வயது வந்த பிள்ளையைத் தமிழ்ப்பள்ளியில் சேருங்கள். அடையாள அட்டையிலும் பிறப்புப் பத்திரத்திலும் பெயரைச் சரியாக எழுதச் சொல்லி நின்று பார்த்து வாங்குங்கள். பெயர் சிறிய விஷயம் அன்று. ஒரு தீவின் பெயரையே மாற்றிப் பார்த்தவர்கள் அதை நன்கு அறிந்திருந்தார்கள்.

பினாங்கின் பழைய நகரம் 2008ஆம் ஆண்டு ஜூலை மாதம் மலாக்காவோடு சேர்த்து உலகப் பாரம்பரிய இடமாக யுனெஸ்கோவால் அறிவிக்கப்பட்டது. அந்தப் பெருமை அத்தெருக்கள் ஒரே மாதிரி இருந்ததற்காகக் கிடைக்கவில்லை. பல இனமும் பல சமயமும் தத்தம் முகத்தோடு அருகருகே வாழ்ந்ததற்காகவே கிடைத்தது. தைப்பூசத்தன்று இரதம் போகும் வழியில், சீனரும் நம்மோடு நின்று தேங்காய் உடைக்கிறார்கள். அவர்கள் தமிழர் ஆகிவிடவில்லை; நாம் சீனர் ஆகிவிடவில்லை. தேங்காய்கள் மட்டும் ஒரே தெருவில் உடைகின்றன.